பிரைவேட் கம்ப்ளெய்ன்ட் தள்ளுபடி ஆகிவிட்டது: செஷன்ஸா, ஹைகோர்ட்டா, இன்னொரு புகாரா?

கேள்வி: காவேரிப்பட்டணம் வாசகர், நவம்பர் 3

அப்பா பெயரில் இருந்த மாந்தோப்பை அவர் இறப்பதற்கு முன்பே கிரையம் எழுதிக் கொடுத்ததாகப் பெரியப்பா மகன் ஒரு பத்திரம் காட்டுகிறார். பத்திரத்தில் கைநாட்டு இருக்கிறது. அது அப்பாவுடையது இல்லை. ஸ்டேஷனில் "சிவில் மேட்டர்" என்று ரசீது மட்டும் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். ஜே.எம். (நடுவர்) கோர்ட்டில் நேரடியாகத் தனிப்புகார் போட்டோம். என்னையும் அம்மாவையும் விசாரித்தார்கள், தள்ளுபடி ஆகிவிட்டது. மாமா ஹைகோர்ட் போகச் சொல்கிறார். இன்னொருவர், புகாரை லேசாக மாற்றி மறுபடி தாக்கல் செய் என்கிறார். எதைச் செய்வது?

நவம்பர் 3, இரவு

உத்தரவின் கடைசிப் பத்தியை அப்படியே இங்கே போடுங்கள் தம்பி. பெயர்களை எடுத்துவிடுங்கள். எந்தப் பிரிவில் தள்ளுபடி என்று தெரியாமல் யார் என்ன சொன்னாலும் அது ஜோசியம்தான். நான் கிருஷ்ணகிரியில் வக்கீல் குமாஸ்தாவாக இருந்து ஓய்ந்தவன், வக்கீல் இல்லை. கேஸ் கட்டு தூக்கிய அனுபவத்தில் சொல்வேன். மனுவில் கையெழுத்துப் போடப் போகிறவரிடமும் ஒருமுறை கேட்டுக்கொள்ளுங்கள்.

நவம்பர் 4, காலை

போட்டுவிட்டார். சாரம் இதுதான்: வாக்குமூலங்களைப் பரிசீலித்ததில் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவர்) மீது நடவடிக்கை எடுக்கப் போதிய முகாந்திரம் இல்லை, பிரச்சினை சிவில் தன்மை கொண்டது, ஆகவே தள்ளுபடி.

இது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 203. 2024 ஜூலை 1 முதல் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 226. எதிரிக்குச் சம்மன் போகும் முன்பே மூடப்பட்ட கட்டு. இதற்கு அப்பீல் கிடையாது, சீராய்வு (ரிவிஷன்) மனு. அதைக் கிருஷ்ணகிரி முதன்மை மாவட்ட அமர்வு (செஷன்ஸ்) நீதிமன்றத்திலேயே போடலாம். ஹைகோர்ட்டுக்கும் அதே அதிகாரம் உண்டு (பழைய 397, புதிய 438). ஆனால் இரண்டில் ஒன்றுதான். செஷன்ஸில் போட்டுத் தோற்ற அதே ஆள் ஹைகோர்ட்டில் இரண்டாவது சீராய்வு போட முடியாது. நேராக ஹைகோர்ட் போனவருக்குப் பிறகு செஷன்ஸ் கிடையாது.

மாமாவிடம் சொல்லுங்கள்: நம் கிருஷ்ணகிரி, தருமபுரி இரண்டு மாவட்டமும் சென்னைக்குத்தான் போக வேண்டும், மதுரைக் கிளைக்கு இல்லை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் பஸ் ஏறுவது யார், சீனியர் பீஸ் யார் தருவது என்று அவரையே கேளுங்கள்.

நவம்பர் 4, மாலை

தருமபுரியிலிருந்து ஒருவர்: "செஷன்ஸில் தோற்றால் அத்தோடு கதை முடிந்ததா?"

முடியவில்லை, ஆனால் வாசல் குறுகிவிடும். ஹைகோர்ட்டின் உள்ளார்ந்த அதிகாரம் (பழைய 482, புதிய 528) இருக்கிறது. இரண்டாவது சீராய்வுக்குத் தடை இருந்தாலும், அப்பட்டமான அநீதி கண்ணில் பட்டால் ஹைகோர்ட் கையைக் கட்டிக்கொண்டு இருக்க வேண்டியதில்லை என்று 1997இல் கிருஷ்ணன் எதிர் கிருஷ்ணவேணி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதை நம்பி செஷன்ஸை அலட்சியமாக நடத்தக் கூடாது. சீராய்வை 528 என்று பெயர் மாற்றிக் கொண்டுவந்தால் நீதிபதிக்கு முதல் பக்கத்திலேயே தெரிந்துவிடும்.

நவம்பர் 5

நேற்றுப் பிரிவு எண்களாகவே சொல்லிவிட்டேன். உள்ளே என்ன நடக்கும் என்பதுதான் முக்கியம்.

சீராய்வு என்றதும் புகார்தாரர் "இனி மேலே இருக்கிற ஜட்ஜ் நான் சொல்வது உண்மையா பொய்யா என்று பார்ப்பார்" என நினைக்கிறார். அவர் அதைப் பார்க்க மாட்டார். கீழே இருக்கிற நடுவர் சரியான கேள்வியைக் கேட்டாரா என்று பார்ப்பார். 203 கட்டத்தில் கேள்வி ஒன்றுதான்: மேற்கொண்டு நடத்தப் போதிய முகாந்திரம் இருக்கிறதா? தண்டனை வருமா என்பது அங்கே கேள்வியே இல்லை. எதிரி என்ன தற்காப்பு சொல்வான் என்று நடுவரே யோசித்து, அதை ஏற்று, அதன் பேரில் புகாரை மூடக் கூடாது. 1963இல் சந்திர தேவ் சிங் வழக்கில் வந்த இந்த வரியை மேற்கோள் காட்டாத சீராய்வு மனுவை எங்கள் ஆபீசில் நான் பார்த்ததில்லை.

அடுத்தது காரணம். தள்ளுபடி செய்கிற நடுவர் காரணங்களைச் சுருக்கமாகவாவது எழுத வேண்டும் என்று அந்தப் பிரிவிலேயே இருக்கிறது. போச்சம்பள்ளிப் பக்கத்திலிருந்து ஓர் அம்மா வந்தார். மகளுக்குப் போட்ட நகையைத் திருப்பித் தராத விஷயம். உத்தரவு ஒரே தாளில், அதிலும் பாதிக்கு மேல் வெள்ளை. கட்சிக்காரர் பெயர்கள், மனு எண், அதற்குக் கீழே மூன்று வரி: "ஆவணங்கள் பரிசீலிக்கப்பட்டன. முகாந்திரம் இல்லை. தள்ளுபடி செய்யப்படுகிறது." நகை வாங்கிய ரசீதுகளும் இரண்டு சாட்சிகளின் வாக்குமூலமும் கட்டில் இருந்தன. அவற்றைப் பற்றி ஒரு சொல் இல்லை. எங்கள் சீனியர் செஷன்ஸில் நீளமாக வாதாடவே இல்லை. அந்தத் தாளைத் தூக்கிக் காட்டி, "இதில் எந்தச் சாட்சியை ஏன் நம்பவில்லை என்று எனக்குத் தெரியவில்லை" என்றார். ரத்தாகித் திரும்பப் போனது.

திரும்பத்தான் போனது, கவனியுங்கள். அந்த அம்மா ஜெயித்துவிட்டதாக நினைத்து வாசலில் இனிப்பு கேட்டார். மறுபடி அதே கீழ்க் கோர்ட், மறுபடி வாய்தா என்று விளக்குவதற்குள் எனக்குத் தொண்டை வற்றிவிட்டது.

உங்கள் உத்தரவில் காரணம் இருக்கிறது: "சிவில் தன்மை". அதனால் அந்த வழி உங்களுக்கு அவ்வளவு சுலபம் இல்லை. அதை இன்னொரு நாள் எழுதுகிறேன்.

நவம்பர் 6, காலை

ஓசூர் நண்பர் கொஞ்சம் சூடாகவே கேட்கிறார்: "கீழே எதிரிக்கு நோட்டீஸே போகவில்லை. மேலே மட்டும் அவனை ஏன் கூப்பிடுகிறார்கள்? ஆறு மாதம் நோட்டீஸ் சார்வாகவில்லை (போய்ச் சேரவில்லை) என்றே போகிறது."

நியாயமான எரிச்சல். பழைய நடைமுறையில் சம்மன் போகும் வரை எதிரிக்குக் கீழே நாற்காலி கிடையாது. வந்து வேடிக்கை பார்க்கலாம், வாய் திறக்க முடியாது. ஆனால் சீராய்வில் ஒருவருக்குப் பாதகமான உத்தரவு போடும் முன் அவரைக் கேட்க வேண்டும் என்று பழைய 401(2) சொல்கிறது. புகார் தள்ளுபடி ஆனது எதிரிக்குச் சாதகம், அதை ரத்து செய்வது அவருக்குப் பாதகம். 2012இல் மன்ஹரிபாய் முல்ஜிபாய் கக்காடியா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை உறுதியாகச் சொல்லிவிட்டது. விசாரணை எதுவும் இல்லாமல் தள்ளுபடி ஆனதோ, 202 விசாரணை (சம்மனுக்கு முன் உண்மையைப் பார்க்க நடப்பது) நடந்த பிறகு ஆனதோ, இரண்டிலும் எதிரியைக் கேட்டாக வேண்டும்.

அதே தீர்ப்பில் வேடிக்கையான ஒரு திருப்பமும் உண்டு. சீராய்வில் புகார்தாரர் ஜெயித்துக் கட்டு கீழே திரும்பினால், எதிரிக்கு மறுபடி நாற்காலி போய்விடும். சம்மன் அனுப்புவதா வேண்டாமா என்று நடுவர் முடிவு செய்யும் வரை அவர் வெளியேதான் நிற்க வேண்டும்.

ஆகவே ஓசூர்க்காரரே, எதிரியைச் சேர்க்காமல் சீராய்வு போட்டு அவசரமாக உத்தரவு வாங்கினால், அவர் ஹைகோர்ட்டில் அந்த ஒரே காரணத்தைச் சொல்லி அதை உடைத்துவிடுவார். சரியான விலாசம் கொடுப்பதுதான் உங்கள் ஆறு மாதத்துக்கு மருந்து.

நவம்பர் 6, இரவு

காலையில் எழுதியதில் "பழைய நடைமுறையில்" என்ற சொல்லை அடிக்கோடிட்டுப் படியுங்கள். புதிய சட்டத்தின் 223இல் ஒரு நிபந்தனை சேர்ந்திருக்கிறது: எதிரிக்குத் தன் தரப்பைச் சொல்ல வாய்ப்புக் கொடுக்காமல் நடுவர் புகாரைக் கோப்புக்கு எடுக்கக் கூடாது. அதாவது நாற்காலி இப்போது முதலிலேயே வந்துவிட்டது.

இது நல்லதா? எனக்கு இரண்டு மனம். பக்கத்து வீட்டுக்காரன் மேல் கோபத்தில் போடுகிற பொய்ப் புகார்கள் வாசலிலேயே நிற்கும், அது நல்லது. ஆனால் வாய்தா வாங்கத் தெரிந்த எதிரிக்குக் கூடுதலாக ஒரு மேடை. கோப்புக்கு எடுப்பதற்கே ஒரு குட்டி விசாரணை நடந்தால், எதிரியின் தற்காப்பைப் பார்க்காதே என்ற 1963 வரியின் கதி என்ன? எதிரி வந்து பேசிவிட்ட பிறகு அதைக் காதில் வாங்காதது போல நடுவர் எப்படி எழுதுவார்? சீராய்வுக் கோர்ட்டுகள் இனி இந்த இடத்தில்தான் அதிகம் மல்லுக்கட்டும் என்று எனக்குப் படுகிறது.

செக் கேஸுக்கு இந்த முன்கூட்டிய நோட்டீஸ் தேவையில்லை என்று 2025 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பைனான்ஸ்காரர்கள் நிம்மதியாகத் தூங்கலாம்.

நவம்பர் 8

"லேசாக மாற்றி மறுபடி போடு" என்ற யோசனை. யார் சொன்னாரோ, அவர் இந்த இழையைப் படிக்கட்டும்.

203இல் தள்ளுபடி ஆனால் இரண்டாவது புகாரே கூடாது என்று சட்டத்தில் எங்கும் இல்லை. ஆனால் அதே விவரம், அதே ஆட்கள் என்றால் விதிவிலக்கான நிலையில்தான். பிரமதநாத் தாலுக்தார் வழக்கில் 1962இல் சொன்னது இன்றும் நிற்கிறது: முதல் உத்தரவு அரைகுறைப் பதிவின் பேரில் அல்லது புகாரையே தவறாகப் புரிந்துகொண்டு போடப்பட்டதாக இருக்க வேண்டும், இல்லை அது வெளிப்படையாகவே அபத்தமாகவோ அநியாயமாகவோ இருக்க வேண்டும், இல்லை எவ்வளவு முயன்றிருந்தாலும் முன்பு கொண்டுவந்திருக்க முடியாத புது விவரம் கிடைத்திருக்க வேண்டும். முழுமையாகப் பார்த்து நல்லது கெட்டதைச் சொல்லி முடித்த புகாரை வேறு தேதி போட்டுக் கொண்டுவந்தால் அரைத்த மாவை அரைக்கிற கதைதான். முதல் தள்ளுபடியை மறைத்து எழுதினால் அதைவிட மோசம். எதிரி தரப்பு முதல் வேலையாக அந்தப் பழைய உத்தரவைத்தான் நீட்டுவார்கள்.

புகார்தாரர் வராததால் 203இல் தள்ளுபடி ஆனது வேறு. நல்லது கெட்டதே பார்க்காத இடத்தில் மறுபடி போடத் தடையில்லை என்று 2001இல் ஜதீந்தர் சிங் எதிர் ரஞ்சித் கவுர் வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. ஆனால் சம்மன் போய், அது சிறு குற்றங்களுக்கான சம்மன் வழக்காக நடந்து, வாய்தாவுக்குப் புகார்தாரர் வராமல் போனால் அது தள்ளுபடியே இல்லை, எதிரிக்கு விடுதலை (பழைய 256, புதிய 279). அங்கே மறுபடி புகார் கிடையாது. புதிய சட்டத்தில் அப்படி விடுதலை செய்யும் முன் புகார்தாரருக்கு 30 நாள் அவகாசம் தர வேண்டும் என்று சேர்த்திருக்கிறார்கள். பலரைக் காப்பாற்றப் போகிற திருத்தம் இது.

நவம்பர் 9

காவேரிப்பட்டணம் தம்பிக்கு ஒரு கேள்வி. இரவெல்லாம் இதுதான் ஓடிக்கொண்டிருந்தது. பத்திரத்தில் விற்பவராக இருப்பது யார்? அப்பாவா, பெரியப்பா மகனா?

ஏன் கேட்கிறேன் என்றால், 2009இல் முகமது இப்ராஹிம் எதிர் பீகார் அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு கோடு போட்டது. தனக்குச் சொந்தமில்லாத நிலத்தைத் தன்னுடையது என்று சொல்லித் தன் பெயரிலேயே கையெழுத்துப் போட்டு ஒருவன் விற்றால் அது பொய் ஆவணம் ஆகாது, ஆகவே போலிப் பத்திரக் குற்றமும் வராது. வாங்கி ஏமாந்தவன் மோசடி என்று புகார் செய்யலாம். நிலத்துக்காரருக்கு வழி சிவில் கோர்ட்டில். ஆனால் நிலத்துக்காரர் போல வேறு ஆளை நிறுத்திக் கைநாட்டு வைத்தால் அது ஆள்மாறாட்டம், பச்சையான போலி.

உங்கள் நடுவர் "சிவில் தன்மை" என்று எழுதியது முதல் வகை என்று நினைத்துத்தானா என்று புகாரை எடுத்துப் பாருங்கள். "எங்கள் சொத்தை மோசடியாக எழுதிக்கொண்டார்கள்" என்று மட்டும் இருந்தால், யார் விரலை வைத்தார்கள் என்ற விஷயம் அதில் அமுங்கிப் போயிருக்கும்.

நவம்பர் 9, மாலை

பதில் வந்துவிட்டது. விற்பவர் பெயர் அப்பாவுடையது. பத்திரப் பதிவு நடந்த நாளில் அப்பா பெங்களூர் ஆஸ்பத்திரியில் உள்நோயாளி. டிஸ்சார்ஜ் சம்மரி கையில் இருக்கிறது. புகாரோடு வைத்திருக்கிறார்கள். உத்தரவில் அதைப் பற்றிப் பேச்சே இல்லை.

தம்பி, இதை ஏன் முதல் நாளே சொல்லவில்லை! இதுதான் உங்கள் சீராய்வு. நிலம் யாருடையது என்பது சிவில் கோர்ட் வேலை, சரி. அந்த விரல் யாருடையது என்பது குற்றக் கேள்வி. ஒரே சம்பவத்துக்கு இரண்டு முகமும் இருக்கலாம். சிவில் வழக்குக்கு இடம் உண்டு என்பதாலேயே குற்றப் புகார் செத்துப்போகாது. மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன்: வெறும் சிவில் தகராறுக்குக் குற்றச் சாயம் பூசுவதை உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பக் கண்டித்திருக்கிறது, எதிர்த் தரப்பு அந்தத் தீர்ப்புகளை அடுக்கும். நீங்கள் விரலை விட்டு நகரவே கூடாது.

பத்திரப் பதிவு அலுவலகத்தில் கைரேகைப் பதிவேடு இருக்கும். விற்பவர் அங்கே வைத்த ரேகை அதில் கிடக்கிறது. அப்பாவின் சந்தேகமில்லாத ரேகை உள்ள பழைய பத்திரம் ஏதாவது வீட்டில் இருக்கும். இரண்டையும் ஒப்பிட நிபுணர் உண்டு. பத்திரத்தில் அடையாள சாட்சி போட்டவர்கள் இரண்டு பேர் இருப்பார்கள், அவர்களை யாரும் விசாரிக்கவில்லை. ஆக, சீராய்வில் "எதிரியைத் தண்டியுங்கள்" என்றோ "சம்மன் அனுப்புங்கள்" என்றோ மொட்டையாகக் கேட்காமல், இந்தப் பதிவேட்டை வரவழைத்து மேல் விசாரணை நடத்த உத்தரவிடுங்கள் என்று கேளுங்கள். 203இல் தள்ளுபடியான புகாரில் மேல் விசாரணைக்கு உத்தரவிட செஷன்ஸுக்கும் ஹைகோர்ட்டுக்கும் தனியாகவே அதிகாரம் கொடுத்திருக்கிறது சட்டம் (பழைய 398, புதிய 439). நிறைய பேர் 397ஐ மட்டும் எழுதிவிட்டு இதை மறந்துவிடுகிறார்கள்.

நவம்பர் 12

இழை எங்கெங்கோ போகிறது. அரூர் நண்பர் எழுதியது: "ஏழைக்கு மேல்கோர்ட்டு எல்லாம் காகிதம்தான்."

அரூர்க்காரரா இதைச் சொல்வது? வாச்சாத்தி உங்கள் தாலுக்காதானே. 1992 ஜூன் 20இல் அந்த மலைவாழ் மக்களின் ஊரில் வனத்துறையும் போலீசும் புகுந்து அட்டூழியம் செய்தார்கள், உள்ளூரில் புகாரை எடுக்கவே ஆளில்லை. 1995இல் ஹைகோர்ட் சி.பி.ஐ. விசாரணைக்கு உத்தரவிட்ட பிறகுதான் நகர்ந்தது. 2011 செப்டம்பர் 29இல் தருமபுரி செஷன்ஸ் கோர்ட்டில் தீர்ப்பு: 269 பேர் மீது வழக்கு, அதற்குள் 54 பேர் இறந்துவிட்டார்கள், உயிரோடு இருந்த 215 பேரும் குற்றவாளிகள். 2023இல் ஹைகோர்ட் அதை உறுதி செய்தது. தனிப்புகாருக்கும் அதற்கும் சட்டப்படி சம்பந்தமில்லை, ஒத்துக்கொள்கிறேன். காகிதம் என்றீர்களே, அதற்காகச் சொன்னேன். முப்பத்தோரு வருடம் ஆனது என்று நீங்கள் திருப்பிச் சொன்னால் என்னிடம் பதில் இல்லை.

தேன்கனிக்கோட்டைக்காரர் கேட்டது உருப்படியான கேள்வி: எதிரி பெங்களூரில் இருக்கிறார், நடுவர் விசாரணை எதுவும் இல்லாமல் உடனே சம்மன் அனுப்பிவிட்டார், எதிரி ஹைகோர்ட் போய்விட்டார். நம் எல்லையோர ஊர்களில் இது சகஜம். எதிரி நடுவரின் எல்லைக்கு வெளியே குடியிருந்தால் சம்மனுக்கு முன் 202 விசாரணை கட்டாயம் என்று 2006இல் நடைமுறைக்கு வந்த திருத்தம் சொல்கிறது (புதியது 225). அதைத் தாண்டிப் போன சம்மன் மேலே நிற்காது. அதே நடுவரிடம் "சம்மனைத் திரும்ப எடுங்கள்" என்று மனு போடவும் முடியாது. 2004இல் அதாலத் பிரசாத் வழக்கில் அந்தக் கதவை அடைத்துவிட்டார்கள்.

நவம்பர் 15

கெடு பற்றி மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். சீராய்வுக்கு உத்தரவுத் தேதியிலிருந்து 90 நாள், காலவரையறைச் சட்டம் 131ஆவது இனம். நகல் வாங்க ஆன நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். அதற்குத்தான் சான்றிட்ட நகலின் பின்பக்கம் ஊதா முத்திரை: நகல் கோரிய தேதி, முத்திரைத்தாள் கேட்ட தேதி, அதைக் கட்டிய தேதி, தயாரான தேதி, கொடுத்த தேதி. சில சமயம் மை தீர்ந்து பாதி எண் தெரியாது. வாங்கும் போதே கவுண்டரில் நின்று படித்துப் பாருங்கள். தயாரான பிறகு நீங்கள் போய் வாங்காமல் விட்ட நாட்களைக் கழிக்க முடியாது. மாங்காய் சீசன், அதனால் வர முடியவில்லை என்று தாமத மன்னிப்பு மனுவில் எழுதினவரை எனக்குத் தெரியும். மனு அனுமதிக்கப்பட்டது. எல்லோருக்கும் அப்படி நடக்கும் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள்.

நவம்பர் 21

செக் கேஸ் அப்பீல் பற்றிக் கேட்ட பர்கூர் ஜவுளிக்காரருக்கு: செக் கேஸில் எதிரி விடுதலை ஆனால் முன்பெல்லாம் ஹைகோர்ட்டில் சிறப்பு அனுமதி வாங்கித்தான் அப்பீல். அதற்கு 60 நாள்தான், சீராய்வுக் கெடுவோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். 2025இல் செலஸ்டியம் பைனான்ஷியல் வழக்கில், சென்னை ஹைகோர்ட்டிலிருந்து போனதுதான், செக் கொடுத்து ஏமாற்றப்பட்ட புகார்தாரரும் "பாதிக்கப்பட்டவர்", ஆகவே சிறப்பு அனுமதி இல்லாமலே அப்பீல் செய்யலாம் என்று சொல்லிவிட்டார்கள். உங்கள் அப்பீல் இனி கிருஷ்ணகிரியிலேயே நடக்கலாம்.

காவேரிப்பட்டணம் தம்பி நேற்று போனில் பேசினார். சீராய்வு மனு கோர்ட்டில் எண் ஆகிவிட்டது, எதிர்மனுதாரருக்கு நோட்டீஸ், வாய்தா ஜனவரியில். மனுவில் 439ஐச் சேர்த்தாரா வக்கீல் என்று கேட்டேன். பார்த்துச் சொல்கிறேன் என்றார்.